இழுப்பறைக்குள் என் அட்டை

கையெழுத்துப் போட்ட அன்றே என் அடையாள அட்டையைக் கேட்டு வாங்கிக்கொண்டார்கள். லீக்கில் பதிய வேண்டும், இரண்டு நாளில் திருப்பித் தருகிறோம் என்றார் மேனேஜர். நானும் கொடுத்துவிட்டேன். அந்த இரண்டு நாள் மூன்று வருடத்துக்கு மேல் நீண்டது.

அப்போது எனக்குப் பத்தொன்பது வயது. ரங்கூன் என்று நீங்கள் சொல்லும் யாங்கோனில் பெண்கள் பந்து விளையாடுவதற்கு மாதச் சம்பளம் என்று ஒன்று வரத் தொடங்கியிருந்த காலம். எங்களுக்கு முன்னால் விளையாடிய பெண்களுக்கு ஒரு பனியன், ஒரு பொட்டலம் சோறு, ஜெயித்தால் ஒரு போட்டோ, அவ்வளவுதான். சம்பளம் வாங்கிய முதல் கூட்டம் நாங்கள். எங்களை எப்படி வைத்துக்கொள்வது என்று வைத்திருந்தவர்களுக்கும் தெரியவில்லை. எதைக் கேட்டு வாங்க வேண்டும் என்று எங்களுக்கும் தெரியவில்லை.

நகரின் ஓரத்தில், ஷ்வேப்யிதாவில் ஒரு தையல் ஆலையில் நூல் வெட்டும் வேலையில் இருந்தேன். தைத்து வரும் சட்டைகளில் நீட்டிக்கொண்டிருக்கும் நூலைக் கத்தரிக்கும் வேலை. சாப்பாட்டு நேரத்தில் லாரிகள் நிற்கும் இடத்தில் பெண்கள் பந்து உதைப்போம். நான் கோலில் நிற்பேன். சின்ன வயதில் தாகேதாவில் எங்கள் தெருப் பையன்களோடு ஆட வேண்டுமென்றால் யாரும் நிற்க விரும்பாத இடத்தில்தான் எனக்கு இடம் கிடைத்தது. நின்று நின்று அதுவே பிடித்துப்போயிற்று. ஆலை முதலாளியின் தம்பி ஒரு நாள் மாடியிலிருந்து பார்த்தார். ஆலையின் பெயரில் டீம் ஒன்று தொடங்கினார்கள், அவரே மேனேஜர் ஆனார். என்னைக் கூப்பிட்டு நான்கு பக்கத் தாளை நீட்டினார். பர்மிய எழுத்து எனக்கு நன்றாகவே வாசிக்க வரும். ஆனால் அன்று நான் வாசிக்கவில்லை. "கோல்கீப்பர்" என்ற சொல்லுக்கு எதிரே என் பெயர் இருந்தது. அதை மட்டும்தான் பார்த்தேன்.

அன்று சாயங்காலம் அம்மாவிடம் சொன்னேன். அம்மா கியாக்டடாவில் ஒரு பழைய கட்டடத்தில் படிக்கட்டு துடைக்கும் வேலை பார்த்தாள். ஐந்து மாடி, லிஃப்ட் கிடையாது. கால்களை நீட்டிப் போட்டு எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தவள் கையை நிறுத்திவிட்டாள்.

"அட்டைய குடுத்துட்டியா? அசலயா?"

"ரெண்டு நாள்ல தந்துருவாங்கம்மா."

"ஒங்கப்பா அந்த அட்டைக்கு எத்தன ஆபீஸ் ஏறி எறங்குனாரு தெரியுமாடி? நகல் குடுத்தா ஆகாதா?"

"நகல் ஆகாதாம்."

"ஆகாதுன்னு அவன் சொன்னா ஒடனே குடுத்துருவியா நீ?"

அப்பா நகராட்சியில் குடிநீர்க் குழாய் பிரிவில் இருந்தவர். அவருடைய தாத்தா தமிழ்நாட்டிலிருந்து கப்பலில் வந்து துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். அதற்குப் பிறகு நாங்கள் எல்லோரும் இங்கேயே பிறந்தவர்கள்தான். ஆனாலும் எங்களைப் போன்றவர்கள் அட்டை கேட்டுப் போனால் உன் தாத்தாவின் தாள் எங்கே, அவர் அப்பாவின் தாள் எங்கே என்று கேட்பார்கள். எல்லாவற்றையும் தேடி எடுத்து, வேலைக்கு லீவு போட்டுப் போட்டு அலைந்து, எனக்கு முழுக் குடியுரிமை அட்டை வாங்கித் தந்தார் அப்பா. அடுத்த மழைக்காலத்தில் காய்ச்சலில் போய்விட்டார். அவர் எனக்கென்று வைத்துவிட்டுப் போன ஒரே பொருள் அந்த அட்டைதான் என்று அம்மா நினைத்தாள். யோசித்தால் அது சரிதான்.

விடுதி ஆலைக்குப் பின்னால் இருந்தது. துணிச் சுருள்கள் அடுக்கும் பழைய கிடங்கைப் பலகை வைத்துத் தடுத்து அறைகளாக்கியிருந்தார்கள். ஒரு அறைக்கு ஆறு பேர். ஜன்னலுக்குக் கம்பி வலை. சாயங்காலம் ஆறு மணிக்கு வாசல் கேட்டைப் பூட்டிவிடுவார்கள். பெண் பிள்ளைகள், பாதுகாப்புக்காக என்று சொன்னார்கள். அதிகாலையில் செங்கல் துண்டுகள் கிடக்கும் மைதானத்தில் பயிற்சி. ஒன்பதிலிருந்து நான்கு வரை ஆலையில் நூல் வெட்ட வேண்டும். எங்கள் சம்பளம் ஆலைப் பதிவேட்டில்தான் வந்தது. அதனால் ஆலையில் ஆள் இருக்க வேண்டும். பத்திரிகைக்காரர் வந்தால் ஜெர்சியைப் போட்டுக்கொண்டு வெளியே வந்து நிற்போம். அவர் போனதும் கத்தரிக்கோலை எடுத்துக்கொள்வோம்.

இந்த இடத்தில் அட்டையைப் பற்றி ஒரு விஷயம் சொல்ல வேண்டும். எங்கள் ஊரில் இன்னொருவர் வீட்டில் ஒரு ராத்திரி தங்குவதென்றால்கூட வட்டார அலுவலகத்தில் அட்டையைக் காட்டிப் பதிய வேண்டும். வெளியூர் பஸ்ஸுக்கு அட்டை, ஆஸ்பத்திரிக்கு அட்டை, வேறு வேலைக்குப் போனால் முதல் கேள்வி அட்டை. மேனேஜர் எனக்கு கிளப் முத்திரை குத்திய நகல் ஒன்று கொடுத்திருந்தார். அதை வைத்துக்கொண்டு ஷ்வேப்யிதாவிலிருந்து தாகேதா போகலாம், தாகேதாவிலிருந்து ஷ்வேப்யிதா வரலாம். அதற்கு மேல் ஓர் அடி வைக்க முடியாது. இது முதல் வருடம் எனக்கு உறைக்கவில்லை. போக வேறு இடம் இல்லாதபோது பூட்டு கண்ணில் படுவதில்லை.

ஏனென்றால் விளையாட்டு நன்றாக இருந்தது. அதை மறைக்க முடியாது. எங்கள் கேப்டன் தடுப்பாட்டக்காரி, ஐராவதி ஆற்றுப் பக்கத்துக் கிராமத்துப் பெண், என்னைவிட நான்கு வயது மூத்தவள். பர்மிய மொழியில் அக்காவை "மமா" என்பார்கள். எங்கள் வீட்டில் மாமா என்றால் மீசையோடு வருகிறவர். முதல் மாதம் அவளைக் கூப்பிடும்போதெல்லாம் எனக்குச் சிரிப்பு வரும். டீமில் நான் ஒருத்திதான் தமிழ். பேச்சு முழுக்க பர்மிய மொழிதான், இங்கே தமிழில் எழுதுகிறேன்.

முதல் சீசனில் ஒரு ஆட்டத்தின்போது கோலுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த சிலர் என்னைப் பார்த்து "கலாமா, கலாமா" என்று கத்திக்கொண்டே இருந்தார்கள். எங்களைப் போன்ற கறுத்த பெண்களை மட்டம் தட்டிச் சொல்லும் சொல் அது. நான் ஒரு முறை திரும்பிப் பார்த்தேன். கேப்டன் ஓடி வந்து என் கன்னத்தைப் பிடித்து முன்பக்கம் திருப்பினாள்.

"திரும்பிப் பாக்காத. பந்து அந்தப் பக்கம் இல்ல."

அந்த ஆட்டத்தில் ஒரு கோல்கூட விடவில்லை. விடுதியில் அன்று எல்லோரும் என் தலையில் தண்ணீரைக் கொட்டினார்கள்.

இரண்டாம் வருடம் கார்னரிலிருந்து வந்த பந்துக்குப் பாய்ந்து இடது கையைக் கம்பத்தில் அடித்துக்கொண்டேன். மோதிர விரலும் சுண்டு விரலும் பின்னால் வளைந்து நின்றன. டீமோடு வரும் மசாஜ்காரர் இழுத்துவிட்டு, இரண்டையும் சேர்த்து டேப் சுற்றினார். எக்ஸ்ரே எடுக்கவில்லை. மறுநாள் ஆலைக்குப் போனேன். வலது கை நன்றாகத்தானே இருக்கிறது என்றார் மேற்பார்வையாளர். நான்காம் நாள் பயிற்சி. அந்த விரல்கள் இன்றைக்கும் நேராக இல்லை. இந்த வேலையில் அடிபட்டால் யார் பார்க்க வேண்டும் என்று அந்த நான்கு பக்கத்தில் எழுதியிருக்கிறதா என்று அப்போதுதான் முதல் முறையாகத் தாளை வாங்கி வாசித்தேன். எழுதியிருக்கவில்லை. ஆனால் வேறொன்று எழுதியிருந்தது. மூன்று வருடம் முடிந்த பிறகும் கிளப் விரும்பினால் ஒப்பந்தத்தை நீட்டித்துக்கொள்ளலாம். நான் விரும்பினால் என்று எங்கும் இல்லை.

மூன்றாவது வருடம் மலேசியாவிலிருந்து ஒரு டீம் நட்பு ஆட்டத்துக்கு வந்தது. அவர்களுடைய கோச் நாற்பது வயதுப் பெண், தொப்பியும் விசிலுமாக எல்லைக் கோட்டை ஒட்டி நடந்துகொண்டே இருந்தார். ஆட்டம் முடிந்து கிளவுஸைக் கழற்றிக்கொண்டிருந்தேன். நேராக என்னிடம் வந்து தமிழிலேயே கேட்டார்.

"நீ தமிழா? உயரப் பந்து வரப்பெல்லாம் 'எனக்கு, எனக்கு'ன்னு கத்துனியே."

எனக்கே அது தெரியாது. மூன்று வருடமாக நான் தமிழில்தான் கத்திக்கொண்டிருந்திருக்கிறேன். எங்கள் டீம் பெண்கள் அந்த ஒரு சொல்லைக் கற்று வைத்திருந்தார்கள், எனக்குச் சொல்லவில்லை.

"எங்க கோல்கீப்பர் அடுத்த வருஷம் கல்யாணம் பண்ணிக்கிட்டுப் போறா. நீ வர்றியா? ஒரு வருஷம் காண்ட்ராக்ட். தங்க ரூம் உண்டு. கைய டாக்டர்ட்ட காட்டலாம்" என்றார். என் விரல்களை அவர் பார்த்திருக்கிறார். "ஒண்ணும் பெருசா வேண்டாம். ஒன் கிளப்புல ரிலீஸ் லெட்டர் வாங்கு, பாஸ்போர்ட் எடு. மத்தத நாங்க பாத்துக்கறோம்."

அன்று விடுதிக்குத் திரும்பியதும் கேட் பூட்டும் சத்தத்தை முதல் முறையாகக் கேட்டேன். தினமும் கேட்டிருக்க வேண்டிய சத்தம்தான்.

மறுநாள் மேனேஜர் அறைக்குப் போனேன். அவரை "ஊலே" என்று அழைப்போம், சித்தப்பா முறை. சிரித்த முகம், யார் மேலும் கை ஓங்கியவர் இல்லை. மேசையின் கீழ் இழுப்பறையில்தான் எங்கள் எல்லோருடைய அட்டைகளும் இருந்தன. சாவி அவர் இடுப்பில்.

"ஊலே, எனக்கு மலேசியாவுல ஒரு வாய்ப்பு வந்திருக்கு. ரிலீஸ் கடிதம் வேணும்."

அவர் கோபப்படவில்லை. தேநீர் ஊற்றிக் கொடுத்தார்.

"நீ எனக்கு மக மாதிரி. மகள யாராவது முன்பின் தெரியாத ஊருக்கு அனுப்புவாங்களா?"

"மூணு வருஷம் இந்த மாசம் முடியுது, ஊலே."

"நாங்க நீட்டிச்சுட்டோமே" என்றார். "போன வாரமே லீக் ஆபீஸுக்குச் சொல்லியாச்சு. உனக்குச் சொல்லலையா?"

"அப்ப அட்டையாவது குடுங்க."

"அட்டை எதுக்கு? எங்க போகப்போற?"

தேநீரைக் குடித்து முடித்து, கோப்பையைக் கழுவி வைத்துவிட்டு வந்தேன். அதை நினைத்தால் இப்போதும் எனக்கு என் மேல்தான் எரிச்சல் வருகிறது.

அடுத்த ஆட்டத்துக்கான பட்டியலில் என் பெயர் இல்லை. அதற்கடுத்ததிலும் இல்லை. புதிதாக ஒரு பெண்ணைக் கோலில் நிறுத்தினார்கள். கோச்சை "சயா" என்போம், ஆசிரியர் என்று அர்த்தம். அவர் என் முகத்தைப் பார்க்காமல், "மேலேருந்து சொல்றாங்க, நான் என்ன பண்ண?" என்றார். பயிற்சிக்கும் கூப்பிடுவதை நிறுத்தினார்கள். காலை ஏழு மணிக்கே நூல் வெட்டப் போக வேண்டும். ஆனால் விடுதியை விட்டுப் போகவும் முடியாது, ஒப்பந்தத்தில் இருக்கும் வீராங்கனை விடுதியில்தான் தங்க வேண்டுமாம். விளையாடவும் விடவில்லை, போகவும் விடவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் எல்லோரும் பஸ்ஸில் ஏறி ஆட்டத்துக்குப் போவார்கள். நான் கம்பி வலைக்குப் பின்னால் உட்கார்ந்து, அவர்கள் திரும்பி வரும்போது முகத்தைப் பார்த்தே ஸ்கோரைச் சொல்லக் கற்றுக்கொண்டேன். கிடங்குச் சுவரில் பந்தை எறிந்து எறிந்து பிடிப்பேன். சத்தமாக இருக்கிறது என்று ஒரு நாள் அந்தப் பந்தையும் எடுத்துக்கொண்டு போனார் காவல்காரர்.

அம்மா ஒரு ஞாயிற்றுக்கிழமை இரண்டு பஸ் மாறி வந்தாள். பார்வையாளர் அனுமதி இல்லை என்றார் காவல்காரர். கேட்டின் இந்தப் பக்கம் நானும் அந்தப் பக்கம் அம்மாவுமாக நின்று பேசினோம். வெயில். முந்தானையைத் தலைக்குப் போட்டிருந்தாள்.

"தொலஞ்சு போச்சுன்னு எழுதிக் குடுத்துட்டுப் புதுசு எடுத்துருவோம்" என்றாள்.

"அது பொய்யில்லையாம்மா?"

"நம்மகிட்ட இருக்கா? இல்ல. இதுல என்னடி பொய்யி?"

"புது அட்டைக்குப் பழையபடி எல்லாத் தாளும் கேப்பாங்க."

"கேக்கட்டும். நான் பாத்துக்கறேன். நீ சாப்புடுறியா ஒழுங்கா? எலும்பா நிக்கிற."

கம்பி வழியாக ஒரு பொட்டலம் தந்தாள். எலுமிச்சைச் சோறு. காவல்காரர் அதைப் பிரித்துப் பார்த்துவிட்டுத்தான் கொடுத்தார்.

அம்மா வேலைக்கு லீவு போட்டு அட்டை வழங்கும் அலுவலகத்துக்குப் போனாள். அங்கிருந்த எழுத்தர் நல்ல மனுஷி. அவர் மெதுவான குரலில் அம்மாவுக்கு எடுத்துச் சொல்லியிருக்கிறார்: புதிதாக விண்ணப்பித்தால் மறுபடி விசாரணை வரும், உங்களைப் போன்றவர்களுக்கு அதே முழுக் குடியுரிமை அட்டை திரும்பக் கிடைக்கும் என்று நான் உறுதி சொல்ல மாட்டேன், இருக்கிற அட்டை எங்கேயாவது இருந்தால் எப்படியாவது தேடி எடுங்கள். அம்மா அன்று போனில் அதை வார்த்தை மாறாமல் என்னிடம் சொன்னாள்.

மலேசியக் கோச் மாதத்துக்கு ஒரு முறை அழைப்பார். "என்னாச்சு?" என்பார். "கேட்டுக்கிட்டிருக்கேன்" என்பேன். வேறு என்ன சொல்வது?

ஏழு மாதம் இப்படிப் போனது. கோப்பைப் போட்டியின் அரையிறுதிக்கு இரண்டு நாள் முன்பு புதுக் கோல்கீப்பருக்குக் கணுக்கால் சுளுக்கி வீங்கிவிட்டது. வேறு ஆள் இல்லை. சயா மேனேஜர் அறைக்குப் போய்ப் பேசிவிட்டு வந்து என் கத்தரிக்கோலைக் கையிலிருந்து வாங்கினார். "நாளன்னிக்கு நீதான்" என்றார்.

அந்த வருடம் வேறொரு டீம் ஆள் மாற்றி இறக்கி மாட்டிக்கொண்டிருந்தது. அதனால் அரையிறுதியில் எல்லோரும் அசல் அட்டையைக் காட்ட வேண்டும் என்று லீக் ஆபீஸ் சொல்லிவிட்டது. மேனேஜர் அட்டைகளை ஒரு பிளாஸ்டிக் டப்பாவில் போட்டுக் கொண்டுவந்தார். உடை மாற்றும் அறைக்கு வெளியே அதிகாரி மேசை போட்டு உட்கார்ந்திருந்தார். அட்டையைப் பார்ப்பார், முகத்தைப் பார்ப்பார், அட்டையை அவரவர் கையிலேயே கொடுப்பார். இரண்டடி தள்ளி மேனேஜர் டப்பாவைத் திறந்து வைத்துக்கொண்டு நின்றார்.

அட்டை என் கைக்கு வந்தது. பத்தொன்பது வயதுக்கும் முந்திய என் முகம். ஒரு மூலையில் பிளாஸ்டிக் உறை பிரிந்திருந்தது. எனக்குப் பின்னால் கேப்டன் நின்றாள். என் கையைப் பார்த்தாள், என் முகத்தைப் பார்த்தாள். அவள் என்னைத் தாண்டி நேராக மேனேஜரிடம் போய், "ஊலே, கேப்டன் பட்டை எங்க? பட்டை இல்லாம இறங்கினா ரெஃப்ரி விட மாட்டாரு" என்று உரக்கக் கேட்டாள். பட்டை அவள் பாக்கெட்டில்தான் இருந்தது. அவர் பையைத் துழாவத் திரும்பினார். நான் குனிந்து, முழங்காலுக்குக் கீழே கட்டியிருந்த ஷின் கார்டுக்கும் காலுக்கும் நடுவே அட்டையைச் செருகி, சாக்ஸை மேலே இழுத்துவிட்டேன். மற்றவர்கள் வரிசையாக டப்பாவில் போட்டார்கள். அவர் எண்ணிப் பார்க்கவில்லை.

அப்போதே போயிருக்கலாம். வெளிவாசல் ஐம்பது அடி தூரத்தில் திறந்துதான் கிடந்தது. ஆனால் பத்துப் பேர் கோல்கீப்பர் இல்லாமல் நிற்பார்களே. இறங்கினேன்.

ஏழு மாதமாக ஆட்டத்தில் பந்தைத் தொடாத கை. முதல் பத்து நிமிடம் எல்லாப் பந்தும் நான் நினைத்ததைவிட வேகமாக வந்தது. ஒன்று கையில் பட்டு நழுவிக் கம்பத்தில் மோதி வெளியே போனது. பிறகு மழை பிடித்துக்கொண்டது. மழையில் எனக்கு எப்போதும் நிதானம் வந்துவிடும், எல்லோருக்கும் கால் வழுக்கும் என்பதால் இருக்கலாம். இரண்டாம் பாதியில் எங்கள் பெண் ஒருத்தி கோல் போட்டாள். கடைசி நிமிடங்களில் அவர்களுக்கு ஒரு பெனால்டி கிடைத்தது. உதைக்க வந்தவள் பந்தை வைக்கும் முன் என் இடது மூலையை ஒரு முறை பார்த்துவிட்டு, அதன் பிறகு பார்க்கவே இல்லை. இடது பக்கம் பாய்ந்தேன். வளைந்த அந்த இரண்டு விரலில்தான் பந்து பட்டது. வலியில் உயிர் போனது. பந்து வெளியே போனது.

ஜெயித்துவிட்டோம். எல்லோரும் என் மேல் விழுந்தார்கள். மேனேஜர்கூட ஓடி வந்து என் தோளைத் தட்டி, "ஃபைனலுக்கும் நீதான்" என்றார். கேப்டன் என்னைக் கட்டிப்பிடித்தபடி காதருகில், "குளிக்கப் போறேன்னு சொல்லிட்டு போ" என்றாள்.

குளியலறைப் பக்கம் போனேன். அதைத் தாண்டி டிக்கெட் கிழிக்கும் வாசல் வழியாக வெளியே வந்தேன். காலில் பூட்ஸ், கையில் கிளவுஸ், உடம்பெல்லாம் சேறு. பஸ்ஸில் ஏறியபோது கண்டக்டர், "சீட்டுல உக்காராத" என்றார். தாகேதா வரை நின்றுகொண்டே வந்தேன். போன் அடித்துக்கொண்டே இருந்தது. எடுக்கவில்லை.

வீட்டில் மின்சாரம் இல்லை. அம்மா மெழுகுவத்தி ஏற்றி வைத்திருந்தாள். ஷின் கார்டைக் கழற்றி அட்டையை நீட்டினேன். அம்மா அழுவாள் என்று நினைத்தேன். அவள் வெளிச்சத்துக்கு அருகில் கொண்டுபோய், அதே அட்டைதானா, எண் சரியா என்று பார்த்தாள். சேலையில் துடைத்தாள். "போய்க் குளி. கூடத்தையே சேறாக்கிட்ட" என்றாள்.

மறு வாரம் ஃபைனலில் எங்கள் டீம் நான்கு கோலில் தோற்றது. சுளுக்குக் காலோடு அந்தப் பெண்ணையே நிறுத்தியிருக்கிறார்கள். அட்டையை நினைத்து நான் ஒரு நாளும் வருந்தியதில்லை. அந்த நான்கு கோலை நினைக்காத நாளும் வெகு காலத்துக்கு இருக்கவில்லை.

அட்டை வந்துவிட்டால் எல்லாம் திறந்துவிடும் என்று நினைத்திருந்தேன். பாஸ்போர்ட் வந்தது. ரிலீஸ் கடிதம் வரவில்லை. ஓடிப்போன வீராங்கனை என்று மேனேஜர் லீக் ஆபீஸுக்கு எழுதிக் கொடுத்துவிட்டார். அந்தக் கடிதம் இல்லாமல் எந்த நாட்டிலும் எந்த டீமும் என்னைப் பதிய முடியாது. மலேசியக் கோச் பதிவின் கடைசி நாள் வரை காத்திருந்தார். அன்று போன் செய்து, "மன்னிச்சிரும்மா" என்றார். அவர் மன்னிப்புக் கேட்க என்ன இருக்கிறது?

பிறகு கொரோனா நோய்க்காலம் வந்தது, விமானங்கள் நின்றன. அதற்குப் பின் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது, ஊரே வேறாகிவிட்டது. ஆலையை மூடினார்கள், டீமும் கலைந்தது. நான் லீக் ஆபீஸுக்குப் போனேன்.

"பழைய கிளப்தான் ரிலீஸ் கடிதம் தரணும்" என்றார் அங்கிருந்தவர்.

"அந்தக் கிளப் இப்ப இல்லையே."

"இல்லையா?" அவர் கொஞ்சம் யோசித்தார். "அப்ப யாரு தருவாங்க?" என்று என்னையே கேட்டார்.

மேனேஜரைத் தேடிப் போனேன். மகள் வீட்டில் இருந்தார், மெலிந்திருந்தார். பக்கவாதம் வந்து ஒரு பக்கம் இழுத்திருந்தது. என்னை அடையாளம் கண்டு சிரித்தார். திட்டுவதற்கு மனதில் வைத்திருந்ததை விட்டுவிட்டுப் பையிலிருந்து தாளை எடுத்தேன். நான் எழுதிக்கொண்டு போன தாளில் நல்ல கையால் கையெழுத்துப் போட்டார். "இதக் குடுக்க அன்னிக்கே எனக்கு என்ன நஷ்டம்னு இப்ப யோசிச்சா ஒண்ணும் தெரியல" என்றார். முத்திரை எங்கே என்று கேட்டேன். ஆலைச் சாமான்களோடு போய்விட்டதாம். முத்திரை இல்லாத தாள் செல்லாது என்று ஆபீஸில் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். இப்போது என் வயதில் இருப்பவர்கள் வேலைக்கென்று நாட்டை விட்டு வெளியே போக வேறு அனுமதிகளும் வேண்டும். அவை எப்போது கிடைக்கும், எப்போது நிற்கும் என்று யாருக்கும் தெரியாது. தெரிந்தவர்கள் சொல்வதில்லை.

கியாக்டடாவில் மொத்த மருந்துக் கடையொன்றின் மூன்றாம் மாடியில் வேலை பார்க்கிறேன். அட்டைப் பெட்டிகளைப் பிரித்து அடுக்கும் வேலை. அம்மாவின் முழங்கால் போய்விட்டதால் அவள் இப்போது எந்தப் படியும் ஏறுவதில்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வாடகை மைதானத்தில் அலுவலகக்காரர்களோடு ஆடுகிறேன். சம்பளம் வாங்கி ஆடியவள் என்று அவர்களில் இரண்டு பேருக்குத்தான் தெரியும்.

போன மாதம் கேப்டன் போன் செய்தாள். தாய்லாந்தில் ஒரு கடற்கரை ஊரில் மீன் பதனிடும் ஆலையில் இருக்கிறாள். அவளுடைய தாள்கள் காலாவதியாகிவிட்டன, திரும்பி வர முடியவில்லை. அவளுடைய அம்மாவின் சாவுக்குக்கூட வரவில்லை. இத்தனை வருடம் கேட்காமல் வைத்திருந்ததை அன்று கேட்டேன்.

"மமா, அந்த ஃபைனல்ல என் மேல கோபமா?"

"நீ இருந்திருந்தா ரெண்டு கோல்ல தோத்திருப்போம்" என்றாள். சிரித்தாள். "என்ன பண்ணிக்கிட்டிருக்க?"

"ஆட்டத்துக்கு வந்திருக்கேன். இதோ, ஆரம்பிக்கப் போறாங்க."

"போன கட் பண்ணாத. கம்பத்துக்கிட்ட வை. நான் பந்துச் சத்தம் கேட்டு ரொம்ப நாளாச்சு."

கம்பத்தின் பின்னால் பையின் மேல் போனை வைத்துவிட்டு நின்றேன். முதல் கார்னர் வந்தது. "எனக்கு, எனக்கு" என்று கத்திக்கொண்டு போய்ப் பிடித்தேன். இடைவேளையில் வந்து எடுத்துப் பார்த்தேன். லைன் இல்லை. அவள் எதுவரை கேட்டாள் என்று தெரியவில்லை.